உம் கொட்டும் பாறை

இதில் வருகிற ஒரு சொல்கூடப் பொய்யில்லை. சூடத்தை ஏற்றி அணைத்துச் சத்தியம் செய்யலாம்தான்; கடையில் சூடம் தீர்ந்துபோனதால் வெறும் தரையில் அடித்துச் செய்ய வேண்டியிருக்கிறது. தரை சூடத்தைவிடப் பழையது. ஆகவே சத்தியமும் அந்த அளவுக்குக் கெட்டி என்று வைத்துக்கொள்ளலாம்.

ஐம்பத்தெட்டாம் வருஷம், ஆனி மாதத்தின் கடைசி நாள். திருக்கோகர்ணத்தில் கோயிலுக்குப் பின்புறச் சந்தில், வாடகை வீட்டின் முன்னறையில் உட்கார்ந்து சோலையப்பன் பெட்ரோமாக்ஸ் விளக்கின் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தான். கல்யாணம், கருமாதி, திருவிழா எதுவானாலும் விளக்கு வாடகைக்கு விடுவது அவன் தொழில். பொழுது இறங்கிக்கொண்டிருந்தது. மண்ணெண்ணெய் வாடையும், எரிந்து உதிர்ந்த மேண்டில் வலைத்திரியின் சாம்பல் வாடையும், எதிர்வீட்டில் யாரோ கடுகு தாளிக்கிற வாடையும் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிவைத்ததுபோல் அந்த அறைக்குள் நின்றன. மனைவி சொர்ணவல்லி நாலு நாளைக்கு முன்பே ஊருக்குப் போய்விட்டாள். வீட்டில் வேறு ஆள் இல்லை. சோலையப்பனும் வாயைத் திறக்கவில்லை. பாட்டுக்கூட முனகவில்லை.

அப்போது தரைக்கு அடியிலிருந்து யாரோ “ம்” என்றார்கள்.

அவன் கை நின்றது. சத்தத்தைக் கேட்டு அல்ல. அந்தச் சத்தம் அவனுக்குப் பழக்கம். அது வந்த நாள்தான் சரியில்லை.

ஆலங்குடிக்கு அந்தப் பக்கம் முந்திரிக்காட்டுக்குள் இருக்கிற கரம்பைவயல் அவன் ஊர். அந்த ஊர்க்காரர்கள் கும்பிடுகிற சாமி பல. பயப்படுகிற சாமி ஒன்றே ஒன்று. பெயர் செவியார். முந்திரித் தோப்பின் ஓரத்தில் மனிதக் காது மாதிரியே மடலும் துளையுமாக ஒரு பாறை. துளைக்குள் ஓர் ஆள் தவழ்ந்து போகலாம். மற்ற சாமிகள் எல்லாம் அருள்வாக்குச் சொல்லும், குறி சொல்லும், ஆளின் மேல் வந்து ஆடும். செவியார் கேட்பார். அவ்வளவுதான் அவர் வேலை.

உயிரோடு இருக்கிற ஒவ்வொருவரும் செவியார் கேட்டுக்கொண்டிருக்கிற ஒரு கதை என்பது கரம்பைவயல்காரர்களின் மதம். ‘அப்புறம் என்ன ஆச்சு’ என்று அவருக்கு ஆசை இருக்கிறவரை அந்த ஆள் இருப்பான். ஆகவே ஒவ்வொரு ஆடி முதல் தேதியும் உச்சி வேளையில் ஒருவர் கதையை இன்னொருவர் போய்ச் சொல்லவேண்டும். முறத்தில் செம்மண்ணைப் பரப்பி, கதைக்குரியவரின் பெயரை விரலால் எழுதி, அந்த மண்ணை அள்ளிப் பாறையின் காதில் போட்டுவிட்டு, உள்ளே தவழ்ந்து போய்ச் சொல்லவேண்டும். கதையை முடித்துவிடக்கூடாது. “அப்புறம்...” என்று இழுத்துவிட்டுப் பின்பக்கமாகவே வெளியே வந்துவிடவேண்டும். சொல்கிறவர் மூச்சு வாங்குகிற இடத்தில் பாறைக்கு அடியிலிருந்து “ம்” என்று வரும். யாருடைய கதையோ அவர் எந்தச் சீமையில் இருந்தாலும் அந்த “ம்” அவருடைய உள்ளங்காலில் கேட்கும்.

இன்றைக்கு ஆடி பிறக்கவில்லை. நாளைக்குத்தான்.

“ம்” என்றது தரை மறுபடியும்.

சோலையப்பன் விளக்கை மெதுவாகக் கீழே வைத்தான். கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. பிறகு ஒரு “ம்”. நீண்ட இடைவெளி. இரண்டு “ம்” அடுத்தடுத்து. அவன் உதடுகள் தாமாகவே அசைந்தன. இந்த இடைவெளிகள் அவனுக்குத் தெரியும். ரங்கூனில் குண்டு விழுந்த காலை, ம். வெற்றிலைக் கடையைப் பூட்டிச் சாவியைப் பத்திரமாக மடியில் கட்டிக்கொண்டு நடக்கக் கிளம்பியது, ம், ம். சிந்துவின் என்கிற பர்மா ஆற்றைத் தாண்டியது, அட்டைக் காடு, இடதுகாலில் சுண்டுவிரலும் அதற்குப் பக்கத்து விரலும் அழுகி விழுந்தது, குடை பிடித்துக்கொண்டு கூடவே நடந்து வந்த கிழவி. நாற்பத்திரண்டாம் வருஷம் பர்மாவிலிருந்து அவன் நடந்தே வந்த கதை. ஊரில் வேறு யாருக்கும் இல்லாத கதை. அதை யாரோ செவியாரிடம் இப்போது, நாள் தப்பி, வேளை தப்பி, சொல்லிக்கொண்டிருக்கிறார்கள்.

அந்தக் கதையைச் சொல்ல உரிமை உள்ளவன் ஒரே ஒருத்தன். நல்லதம்பி. சித்தப்பா மகன். அவனைவிட ஒரு வயது இளையவன். இவன் கதையை அவனும் அவன் கதையை இவனும் சொல்வதென்று அரைஞாண் கட்டிய வயதில் ஏற்பட்ட ஏற்பாடு.

பாவம், நல்லதம்பியின் கதையில் சொல்ல எதுவும் இருக்காது. ஆலங்குடிக் கடலை மில்லில் எடை போடுகிறவன். ஒருதரம் மஞ்சள் காமாலை வந்தது, போனது. ஒருதரம் திருச்சிக்குப் போய், கால் வலிக்கிறதென்று மலைக்கோட்டை ஏறாமல் திரும்பினான். அதை வைத்துக்கொண்டு சோலையப்பன் வருஷாவருஷம் பாறைக்குள் குப்புறப் படுத்து மன்றாடுவான். போன ஆடியில் “ம்” வரவில்லை. காமாலையை இரண்டுமுறை சொல்லிப் பார்த்தான். வரவேயில்லை. அப்படி ஆகிவிட்டால் அடுத்த ஆடியில் அந்த ஆளே உள்ளே போய்த் தன் கதையைச் சொல்லியாக வேண்டும். அப்படிப் போனவர்களில் யாராவது திரும்பினார்களா என்று கேட்டால் ஊர்க்காரர்கள் பேச்சை மாற்றிவிடுவார்கள்.

“பயப்படாதடா,” என்று சோலையப்பன்தான் தைரியம் சொன்னான். “நீ உள்ள போகவேணாம். ‘ம்’ வராதது கணக்குல சேராதுன்னு பெரியவங்க கால்ல விழுந்தாவது இன்னொருதரம் நானே போறேன். இந்தத் தடவை ஒன் கதையில ஒரு புலியை உட்டுர்றேன். மில்லுக்குள்ள புலி. எப்படி?”

நல்லதம்பி அன்றைக்கு அவன் கையைப் பிடித்துக்கொண்டு அழுதான்.

தரைக்கு அடியில் “ம்” தொடர்ந்தது. சோலையப்பன் மனதுக்குள்ளேயே கூட நடந்தான். கிழவி சகதியில் உட்காருகிற இடம் வந்தது. அங்கே ஒரு “ம்” வரவேண்டும். வந்தது. அதற்குப் பிறகு கதையில் ஒன்றுமில்லை. கிழவி எழுந்திருக்கவில்லை, அவன் குடையை மட்டும் எடுத்துக்கொண்டு நடந்தான், அவ்வளவே. ஆனால் “ம்” நிற்கவில்லை. இன்னொன்று வந்தது. அவன் கதையில் இல்லாத இடத்தில். அப்புறம் இன்னொன்று. அவசரமாக. ஆசையாக.

அப்புறம் செவியார் சிரித்தார்.

அவன் கதைக்கு அவர் ஒருநாளும் சிரித்ததில்லை.

இரவெல்லாம் இடதுகால் அரித்தது. விரல் போன இடத்தில், வெறும் தழும்பில். விடிந்து பார்த்தபோது தழும்பின் மேல் பயறு முளைத்தமாதிரி இரண்டு மொட்டுகள். இளஞ்சிவப்பாக. அழுத்தினால் வலித்தது. ஒன்றின் நுனியில் கடுகளவு நகம் இருந்தது.

காலை பஸ்ஸில் ஏறினான். கண்டக்டர் மலையாண்டி பதினைந்து வருஷப் பழக்கம். டிக்கெட்டைக் கிழித்தபடி, “என்ன நல்லதம்பிண்ணே, மில்லுக்கு லீவா?” என்றான்.

“ஏன்டா, காலையிலேயே கண்ணு அவிஞ்சு போச்சா? நான் சோலையப்பன்.”

மலையாண்டி பின்சீட்டுக்காரர்களைத் திரும்பிப் பார்த்துக் கண்ணடித்தான். “கேட்டுக்கங்க. அண்ணனுக்கும் ரங்கூன் போகணும்னு ஆசை வந்திருச்சு. மலைக்கோட்டையவே அண்ணாந்து பாத்துட்டு வந்த ஆளு.”

பஸ் முழுக்கச் சிரித்தது. சோலையப்பனும் சிரித்துவைத்தான். ஆலங்குடி தாண்டி, தென்னந்தோப்புகள் முடிந்து, கரம்பைவயலுக்குத் திரும்புகிற கப்பி ரோட்டில் பஸ் இறங்கியதும் சக்கரத்துக்கு அடியிலிருந்து வழக்கமான அந்தச் சத்தம் எழுந்தது. உடைத்த கருங்கல் கப்பியின் மேல் டயர் உருளுகிற இரைச்சல். ம்ம்ம்ம் என்று நீளமாக, அடிவயிற்றில் அதிர்கிற மாதிரி. இந்த ரோட்டில் வந்தாலே எல்லாருக்கும் தூக்கம் வரும். முன்சீட்டில் ஒரு பெண் தன் நாத்தனாரைப் பற்றிப் பக்கத்திலிருந்தவளிடம் சொல்லிக்கொண்டிருந்தாள். அவள் நிறுத்திய இடத்தில் எல்லாம் இரைச்சல் கொஞ்சம் ஏறி இறங்கியது. இவ்வளவு நாளும் அவன் அதைக் கவனித்ததில்லை.

செருப்பு இறுக்கியது. குனிந்து வாரைத் தளர்த்தினான். கீழே பார்க்கவில்லை.

கரம்பைவயலில் மாமனார் வீட்டுக் கதவைச் சொர்ணவல்லி திறந்தாள். தலையில் ஈரத்துண்டு. நெற்றியில் புதுக் குங்குமம். அவனைப் பார்த்ததும் முந்தானையை இழுத்துத் தோளில் போட்டுக்கொண்டாள், அயல் ஆணைக் கண்டால் போடுவதுபோல.

“வாங்க தம்பி,” என்றாள். “உள்ள வாங்க. ஒங்கண்ணன் சாப்புட்டுக்கிட்டு இருக்காக.”

உள்ளே வாழையிலையில் சோறு. இலைக்கு முன்னால் நல்லதம்பி. சுற்றி ஊர்க்காரர்கள் எட்டுப் பத்துப்பேர், ஆண்களும் பெண்களும், வாயைப் பிளந்தபடி. அவன் போட்டிருந்த வெள்ளைச் சட்டையின் காலரில், கொஞ்சம் கோணலாக, சொர்ணவல்லி போட்ட தையல் தெரிந்தது. போன தீபாவளிக்குச் சோலையப்பனுக்கு எடுத்த சட்டை. ஒரு காலை மடித்து மறுகாலை நீட்டியிருந்தான்.

நீட்டிய காலில் மூன்று விரல்.

“...அந்தச் சகதியில கெழவி உக்காந்துட்டா,” என்று நல்லதம்பி சொல்லிக்கொண்டிருந்தான். எடைக்கல் மாதிரி தட்டையாக இருக்கிற அவன் குரல் இல்லை அது. சோலையப்பனின் குரல்தான், ஆனால் இன்னும் நன்றாக இருந்தது. “நான் குடையை எடுத்தேன். எடுத்துட்டு நடக்கப் போறேன். பின்னாடி பாட்டுச் சத்தம். திரும்பிப் பாத்தா...”

“ம்?” என்றது அறை முழுதும்.

“டேய்!” என்றான் சோலையப்பன்.

எல்லாரும் திரும்பினார்கள். கதை கெட்ட எரிச்சல் எல்லார் முகத்திலும்.

“எந்திரிடா. அது என் சட்டை. என் இலை. என் காலுடா அது!”

மூலையிலிருந்த பிச்சையம்மாள் என்கிற கிழவி பொக்கை வாயைத் திறந்து சிரித்தாள். “அடப் போக்கத்தவனே, காலைக்கூடவா பங்கு கேப்ப? பங்காளின்னா வயக்காட்டுல கேளு.”

“பாவம், வுடுங்கத்தா,” என்றான் நல்லதம்பி அன்பாக. “இன்னைக்கு அவன் உள்ள போற நாளு. பயத்துல ஒளறுறான். உக்காரு தம்பி. ஒரு வாய் சாப்புடு.”

தம்பி. நாற்பது வருஷமாக ‘அண்ணே, அண்ணே’ என்று பின்னாலேயே வந்த வாய்.

“நான் சொல்றேன் கேளுங்க,” என்று சோலையப்பன் நடுவில் வந்து நின்றான். “நான் நடந்தவன். நான்தான் நடந்தவன். ரங்கூன்ல மொகல் தெருவுல கடை. குண்டு விழுந்த அன்னைக்கு... கடையப் பூட்டுனேன். பூட்டிட்டு... அந்த ஆறு. பெரிய ஆறு. அது பேரு...”

நாக்கின் நுனியில் இருந்தது. பதினாறு வருஷமாகத் தினமும் சொன்ன பெயர். தேடினான். வாயில் கடலைப்புண்ணாக்கின் சுவை வந்தது.

“சிந்துவின்,” என்று மெதுவாக எடுத்துக்கொடுத்தான் நல்லதம்பி.

யாரோ பெருமூச்சு விட்டார்கள். யாரோ சொம்பில் தண்ணீர் நீட்டினார்கள். அவன் அதைத் தட்டிவிட்டுக் கொல்லைக்கு ஓடினான்.

கொல்லையில் கிணறு. அதற்கப்பால் வேலி, வேலிக்கு அந்தப்பக்கம் முந்திரித் தோப்பு. வெயிலில் முந்திரிப் பால் மணம் மூக்கை எரித்தது. சொர்ணவல்லி தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்தாள். ராட்டினம் கிறீச்சிட்டு நின்றது.

“சொர்ணம். என்னையப் பாரு.”

“என்ன தம்பி, மோரு தரவா? வெயில்ல வந்தது கிறுகிறுன்னு இருக்கும்.”

“யாருடி தம்பி? சரி. தம்பியாவே இருக்கட்டும். என் பேரைச் சொல்லு.”

அவள் கயிற்றை இறுக்கிப் பிடித்தாள்.

“கொழுந்தன் பேரைச் சொல்ல என்ன கூச்சம்? நேத்துவரைக்கும் ‘ஏ நல்லதம்பி’ன்னு தெருவுல நின்னு கத்துவியே. சொல்லு. நான் யாரு?”

அவள் இடதுகை தானாகவே எழுந்து வாயைப் பொத்தியது. வலதுகை கயிற்றை விட்டுவிட்டுக் காற்றில் மேலே வந்தது. வேலியைத் தாண்டி, தோப்பை நோக்கி.

ஐம்பத்தொன்றில் ஜனத்தொகைக் கணக்கு எடுக்க வந்தவர் புருஷன் பெயரைக் கேட்டபோதும் அவள் அப்படித்தான் செய்தாள். பெண்டாட்டி புருஷன் பெயரைச் சொல்கிற வழக்கம் இல்லை; ஒரு கையால் வாயைப் பொத்திக்கொண்டு மறுகையால் எதிரே இருந்த மாஞ்சோலையைக் காட்டிக்காட்டி, வந்தவர் தோட்டம், தோப்பு, வேலாயுதம் என்று கண்டதைச் சொல்லிக் கடைசியில் சோலையப்பனைக் கண்டுபிடித்தார். அவனும் அவளும் ஒரு வாரம் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார்கள்.

பாதி எழுந்த கையை அவள் பார்த்தாள். அவனும் பார்த்தான். கை மூடிக்கொண்டது. மெதுவாகக் கீழே இறங்கியது.

“ஒனக்குத் தெரியும்,” என்றான் சோலையப்பன். “எல்லாத்துக்கும் மாறிப்போச்சு. ஒனக்கு மட்டும் மாறல. தெரிஞ்சுக்கிட்டே செய்யுற.”

அவள் கதவுப் பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்துக்கொண்டாள். பிறகு தாழ்ந்த குரலில், பழைய மரியாதையோடு, சோறு போடுகிறபோது பேசுகிற அதே குரலில் பேசினாள்.

“பன்னண்டு வருசமா நானும் ‘ம்’ கொட்டினேங்க. தெனமும். அதே ஆறு. அதே அட்டை. அந்தக் கெழவி தெனமும் சாவா. ஒருநாளாவது ஒரு வார்த்தைய மாத்திச் சொன்னீங்களா?”

“அதுதானடி நடந்துச்சு!”

“அவரு சொன்னா கெழவி பாடுறாங்க. அவரு முதுகுல தூக்கிக்கிட்டு வர்றாரு. மணிப்பூருல அவங்க மவன் வந்து நிக்கிறான். நான் அழுதுட்டேங்க, கேட்டு.”

“கெழவி பாடல. சகதியில வாயி மூடிப்போச்சு. நான் பாத்தேன்.”

“தெரியுங்க,” என்றாள் சொர்ணவல்லி. “ஒங்க கதை உண்மைதான். அதை வச்சுக்கிட்டு என்னங்க பண்றது?”

உள்ளே கூட்டம் “ம்” என்றது. அவள் குரலை உயர்த்தினாள். வாயிலிருந்து கை முழுதாக எடுபட்டது.

“நல்லதம்பி! மோரு குடிச்சிட்டுக் கெளம்புங்க. உச்சி ஆகுது.”

தெளிவாக. தடங்கலில்லாமல். சொல்லியே விட்டாள்.

செவிப்பாறைக்குப் போகிற வழியில் யாரும் அவனைப் பிடித்து இழுக்கவில்லை. அவனாகவேதான் நடந்தான். ஒரே ஒரு யோசனை அவனிடம் மிச்சமிருந்தது. மனிதர்கள் ஏமாறுவார்கள். பெண்டாட்டி ஏமாற்றுவாள். தம்பி திருடுவான். கேட்பதையே தொழிலாக வைத்திருக்கிற சாமிக்கு நடந்தவன் குரலுக்கும் நடக்காதவன் குரலுக்கும் வித்தியாசம் தெரியாமலா போகும்? உள்ளே போவோம். ஆற்றின் பெயர் மறந்தால் மறக்கட்டும். அட்டை கடித்ததை உடம்பு மறக்காது.

வழியெல்லாம் உதிர்ந்த முந்திரிப் பழங்கள் அழுகிக் கிடந்தன. அவற்றின் மேல் ஈக்கள் ஒரே சுருதியில் ரீங்கரித்தன. நிழல் காலடிக்குள் சுருண்டுவிட்டது. பாறை வெயிலில் கொதிக்கவேண்டும். ஆனால் மடலில் ஈரம் மின்னியது.

நல்லதம்பி முறத்தில் செம்மண்ணைப் பரப்பினான். குந்தி உட்கார்ந்து, ஆள்காட்டி விரலால் நிதானமாக ‘நல்லதம்பி’ என்று எழுதினான். எழுத்துக்கள் முத்துமுத்தாக இருந்தன. தன் பெயரைக் கடைசியாக எழுதுகிறவனுக்கு இருக்கிற அக்கறை.

“புலியை மறந்துறாத தம்பி,” என்று காதோடு சொன்னான்.

சோலையப்பன் அவன் கண்ணைப் பார்த்தான். அதில் கேலி இல்லை. நன்றி இருந்தது. அதுதான் தாங்கமுடியவில்லை.

மண்ணை அள்ளிப் போட்டான். தவழ்ந்தான்.

உள்ளே வெளவால் புழுக்கையின் நெடி. அதற்கடியில் வேறொரு வாடை, நெடுநாள் மூடிவைத்த சாக்கில் ஈரக்கடலை பூத்துப்போன வாடை. முட்டி உரசியது. தோள் உரசியது. இவ்வளவு வருஷத்தில் இந்த இடம் இவ்வளவு குறுகலாக இருந்ததில்லை. நெஞ்சைத் தரையில் அழுத்திப் படுத்தான். கண்ணை மூடினான்.

“நான் சோலையப்பன் வந்திருக்கேன்,” என்றான்.

பாறை அமைதியாக இருந்தது.

“ரங்கூன்ல இருந்து நடந்தேன். காடு. மழை. அப்புறம்...”

அப்புறம் என்ன? காடு என்றால் என்ன மரம்? மழை எந்தப் பக்கமிருந்து அடித்தது? அட்டையை நினைத்தான். அட்டை வரவில்லை. மில்லின் தராசு வந்தது. இரும்புத் தட்டு ஆடி ஆடி நிற்பது வந்தது.

“மஞ்சக் காமாலை,” என்றது அவன் வாய்.

இல்லை. இல்லை.

“ஒருதரம் திருச்சிக்குப் போனேன். மலைக்கோட்டை. கால் வலிச்சுச்சு. ஏறல.”

ஒன்றுமில்லை.

“கெழவி. குடை வச்சிருந்தா. செத்துப்போனா. நான் பாத்தேன். அவ பேரு...”

ஒன்றுமில்லை.

“புலி,” என்று கத்தினான். “மில்லுக்குள்ள புலி வந்துச்சு! சாமி, புலி! அப்புறம்... அப்புறம்...”

வெயில் நேரம். வெளியே ஈக்கள்கூட நின்றுவிட்டன.

அப்போது அவன் முகத்துக்கு எதிரே, இருட்டின் கடைக்கோடியில், ஏதோ ஒன்று மெதுவாக அகன்றது. காற்று உள்ளே இழுபட்டது. அவன் தலைமுடி முன்பக்கமாகப் பறந்தது. நீண்ட இழுப்பு. நிதானமான இழுப்பு. பிறகு அது வெளியே வந்தது. வெதுவெதுப்பாக. ஈரமாக. நாற்றமாக.

செவியார் கொட்டாவி விட்டார்.

காது கொட்டாவி விடாது.

அவன் பின்னோக்கித் தவழ்ந்தான். கால் கல்லில் இடித்தது. வந்த வழியில் கல் இருந்திருக்கவில்லை. இடதுகாலைத் தடவிப்பார்த்தான். ஒன்று. இரண்டு. மூன்று.

நான்கு.

ஐந்து.

கழுத்தைத் திருப்பினான். வெளிச்சம் ஒரு தட்டு அளவுக்கு இருந்தது. அப்புறம் உள்ளங்கை அளவுக்கு. அதற்குள் வெளியே நிற்கிறவர்களின் கால்கள். மெட்டி போட்ட ஒரு கால். அதை ஒட்டி மூன்று விரல் உள்ள ஒரு கால். அந்தக் கால்களுக்கு மேலே அவனுடைய குரல், அவனுடையதைவிட நல்ல குரல், நிழலில் உட்கார்ந்தவர்களுக்கு விட்ட இடத்திலிருந்து கதையைத் தொடங்கியது.

“திரும்பிப் பாத்தா, கெழவி எந்திரிச்சு நிக்கிறா...”

வெளிச்சம் காசளவு.

“...நின்னுக்கிட்டுப் பாடுறா...”

அவன் கன்னத்துக்கு அடியில் பாறை நெகிழ்ந்தது. சொரசொரப்பாக. வெதுவெதுப்பாக. நாக்கு மாதிரி. அது ஒருமுறை புரண்டு, அவனை ஒதுக்கிவிட்டு, வெளியே கேட்ட அந்தக் குரலை நோக்கி ஆசையாக நீண்டது.

“ம்,” என்றது.

அவனுக்கு அல்ல.

கரம்பைவயல் செவிப்பாறையை, இது நடப்பதற்கு ஏழு வருஷம் முன்பு, ஐம்பத்தோராம் வருஷமே வெடிவைத்துப் பிளந்து, ஒரு சில்லு பாக்கியில்லாமல், ஆலங்குடியிலிருந்து வருகிற அந்தக் கிளை ரோட்டுக்குக் கப்பியாகப் போட்டாகிவிட்டது.